சிரிப்பு ஷாட்

செத்துப்போன ஏழாவது வருஷம் சித்திரை மாதத்தில் ஒரு காலை வேளை, துளசிமணி அரிசி களைந்துகொண்டிருந்தபோது, ஷூட்டிங் ஏஜெண்டு நாச்சிமுத்து வாசலில் வந்து நின்று, சினிமாக்காரர்கள் மறுபடியும் வெள்ளாங்கரட்டுக்கு வருகிறார்கள் என்று சொன்னார். அவள் பதறவில்லை. களைந்த தண்ணீரை எருமைத் தொட்டியில் ஊற்றிவிட்டு, முந்தானையில் கையைத் துடைத்துக்கொண்டு, "என்ன படமுங்ணா?" என்று கேட்டாள்.

"அதே படந்தான் அம்மிணி. ரெண்டாம் பாகம்."

"அதே டைரக்டருங்களா?"

"அதே ஆளு, அதே பங்களா. நீயும் வேணுமாம்."

நாச்சிமுத்து அதற்குமேல் நிற்கவில்லை. போயிட்டு வர்றேன் என்று ஒரு வார்த்தை சொல்லாமல், வந்தபடியே திரும்பி, மொபெட்டைக் கிளப்பிக்கொண்டு போய்விட்டார். அதில் மரியாதைக் குறைவு ஒன்றும் இல்லை. இழவு வீட்டுக்குப் போனவர்கள் வருகிறேன் என்று சொல்லிக்கொண்டு கிளம்பக் கூடாது என்பது பழக்கம். துளசிமணியின் வீடு ஏழு வருஷமாக இழவு வீடு. பிணமும் அந்த வீட்டிலேயேதான், சமைத்துக்கொண்டும் துணி துவைத்துக்கொண்டும் எருமைக்குத் தண்ணீர் காட்டிக்கொண்டும் இருந்தது.

அவள் நோய் வந்து சாகவில்லை, நொடி வந்து சாகவில்லை, வாய்க்காலில் தவறி விழுந்தோ மருந்தைக் குடித்தோ சாகவில்லை. சினிமாவில் பிணமாகப் படுக்கப் போய், எழுப்பிவிட ஆளில்லாமல் செத்தாள். அவள் புருஷன் சென்னியப்பன் வாய்க்கால் மதகுகளைத் திறந்து அடைக்கிற லஸ்கர் வேலை பார்த்தான். பதினோராம் மதகை ஒட்டி வெள்ளைக்காரன் காலத்தில் கட்டிய பங்களா ஒன்று ஓடு சரிந்து வௌவால் அடைந்து கிடந்தது, அதன் சாவியும் அவனிடம்தான் இருந்தது. பவானி தேவநாதன் என்பவர் எழுதிய தொண்ணூற்றாறு பக்க மாத நாவல் ஒன்றைப் பேய்ப்படமாக எடுக்க, ஜோதிகுமார் என்ற டைரக்டர் ஒரு வேனும் ஒரு ஜெனரேட்டரும் பதினாலு ஆட்களுமாக வந்து இறங்கினபோது, பிணமாக நடிக்கச் சென்னையிலிருந்து அழைத்து வந்த பெண் பாடையைப் பார்த்ததும் அம்மாவுக்குத் தெரிந்தால் திட்டுவார்கள் என்று அடுத்த பஸ் ஏறிப் போய்விட்டாள். சாவி கொடுக்க வந்து ஓரமாக நின்றிருந்த துளசிமணியை டைரக்டர் ஏற இறங்கப் பார்த்தார். அவளுக்கு அப்போது முப்பத்தாறு வயது. முகத்தில் எதற்கும் எதிர்த்துப் பேசாத ஒரு அமைதி இருந்தது, பிணத்துக்கு அதற்கு மேல் என்ன வேண்டும்.

நெற்றியில் காசு வைத்தார்கள், தாடையைக் கட்டினார்கள், கால் கட்டைவிரல்களைச் சேர்த்துக் கட்டினார்கள், கழுத்தில் சாமந்தி மாலை போட்டார்கள், உதவி டைரக்டர் காதருகே குனிந்து, "மூச்சை அடக்கிக்கங்க, முடிஞ்சதும் நாங்களே சொல்றோம், அதுவரைக்கும் ஆடாதீங்க" என்றார். அவள் அடக்கிக்கொண்டாள். அந்த நேரம் பார்த்து மேற்கே கருக்கலிட்டுக் கல்மழை கொட்டியது. கேமராவுக்குத் தார்ப்பாய் போடவும் ஜெனரேட்டரைத் தள்ளவும் பதினாலு பேரும் நாலு பக்கமும் ஓடி, அப்படியே வேனில் ஏறி, இனி இன்றைக்கு வெளிச்சம் வராது என்று கிளம்பிப் போய்விட்டார்கள். சொன்னால் சொன்னபடி கேட்கிறவள், யாராவது சொல்வார்கள் என்று நனைந்துகொண்டே கிடந்தாள். மழை விட்டதும் கண்ணைத் திறந்து பார்த்து, கால் கட்டைத் தானே அவிழ்த்து, வாய்க்கால் கரையோடு வீட்டுக்கு நடந்தாள். பாதி வழியில்தான், அடக்கிய மூச்சை இன்னும் விடவில்லை என்பது அவளுக்கு உறைத்தது.

ஆரம்ப சுகாதார நிலைய நர்சம்மா கையில் பட்டை கட்டிக் காற்றடித்துப் பார்த்து மிஷின் ரிப்பேர் என்றார், வேறு மிஷின் கொண்டு வந்து அதுவும் ரிப்பேர் என்றார், பிறகு நெஞ்சில் குழாயை வைத்து வெகுநேரம் கேட்டுவிட்டு, தன் நெஞ்சிலும் ஒரு தடவை வைத்துப் பார்த்துக்கொண்டு, "அக்கா, நீங்க தவறிட்டீங்க" என்றார். குரலில் வருத்தம் இருந்தது.

விஷயத்தைப் புரியவைத்தவர் நாச்சிமுத்துதான். முப்பது வருஷமாகச் சினிமாக்காரர்களுக்கு வீடும் வயலும் மாட்டுவண்டியும் பிடித்துக் கொடுத்தவருக்கு அவர்கள் சாத்திரமெல்லாம் அத்துப்படி.

"பொணமாப் படுத்தவங்களை எழுப்பி, கேமராவைப் பார்த்து ஒருக்காச் சிரிக்கச் சொல்லி எடுப்பாங்கம்மிணி. அது படத்துல வராது. வெட்டித் தூரப் போட்டுருவாங்க. நான் கதைக்குள்ளதான் செத்தேன், வெளியில உசுரோடதான் இருக்கறேன்னு எமனுக்குக் காட்டற சிரிப்பு அது. திரையில யாரும் அதைப் பார்க்கப்படாது. உனக்கு அதை எடுக்காமயே மழைக்கு ஓடிட்டானுக."

"இப்ப எடுக்கச் சொல்லுங்ணா."

"படம் முடிஞ்சு போச்சே. இனி அந்தப் பொணம் அடுத்த படத்துல வந்தாத்தான்."

டைரக்டருக்குப் போன் போட்டதில், கண்டிப்பாக எடுத்துவிடலாம் என்று அவர் சொன்னார், சொல்லி ஏழு வருஷம் ஆனது.

ஊர் அதை எப்படித் தாங்கிக்கொண்டது என்று கேட்டால், மற்றதை எல்லாம் தாங்கிக்கொண்ட மாதிரிதான். எடுக்காத பிணம் ஊருக்குள் இருக்கக் கோயில் நடையை எப்படித் திறப்பது என்று பூசாரி மூன்று நாள் மல்லுக்கு நின்றார், கடைசியில் லஸ்கர் வீட்டுக்கும் தெருவுக்கும் நடுவே ஒரு கயிற்றைக் கட்டி, கயிற்றுக்கு அந்தப் பக்கம் மயானம் என்று வைத்துக்கொள்வோம் என்று பேசி முடித்தார்கள். ரேஷன் கடைக் கைரேகை மிஷின் அவள் விரலை ஏற்கவில்லை, அதனால் கார்டில் பெயரை அடித்தார்கள். இறப்புச் சான்றிதழ் கேட்டுப் போனபோது கிராம நிர்வாக அலுவலர், "செத்தவங்களே நேர்ல வந்து கையெழுத்துப் போட்டா நான் என்னன்னுங்க எழுதறது" என்று தலையில் கைவைத்துக்கொண்டார், அது இன்னும் எழுதப்படாமலே இருக்கிறது. செத்துப்போன மாமனாருக்குச் சேதி சொல்லிவிடும்படி ஒருத்தி வந்து அழுதாள். "நான் அந்தப் பக்கம் போகவே இல்லீங்களே" என்று துளசிமணி சொன்னதை அவள் நம்பவில்லை, மனசிருந்தால் சொல்லலாம் என்று கோபித்துக்கொண்டு போனாள். மாளய அமாவாசைக்கு முன்னோர்களுக்கு இலை போடும்போது அவளுக்கும் ஒரு இலை போட்டார்கள். அந்தப் படையலை அவளேதான் சமைத்தாள்.

கூடத்தில் அவள் படம் ஒன்றும் மாட்டப்பட்டது, சந்தனப் பொட்டும் சின்ன சிவப்புப் பல்புமாக. விருந்தாளிகள் வந்தால் எங்கே பார்த்துக் கும்பிடுவது என்று தெரியாமல் சங்கடப்படுகிறார்கள் என்று அவள் ஓரகத்தி சம்பூர்ணம் கொண்டு வந்து மாட்டினாள். சம்பூர்ணம் கெட்டவள் இல்லை, எல்லாம் முறைப்படி நடக்க வேண்டும் என்கிறவள். ஆட்கள் வந்தால் அவர்கள் படத்தைக் கும்பிடுவார்கள், துளசிமணி அடுப்படியில் இருந்துகொள்வாள்.

பசி இல்லை, தூக்கம் இல்லை, வயசு ஏறவில்லை, ருசி தெரியவில்லை, நெஞ்சு மட்டும் கரண்டு போன மாவு மில்லைப் போலச் சத்தமற்றுக் கிடந்தது. அதையெல்லாம் பொறுத்துக்கொண்டாள். பொறுக்க முடியாதது ஒன்றுதான். அவள் சாகும்போது பதினாலு வயசாக இருந்த மகள் பிரதீபா, பள்ளிக்கூடத்துக்கும் பிறகு கல்லூரிக்கும் தினம் தினம் பையைத் தோளில் மாட்டிக்கொண்டு, நிலைப்படியில் ஒரு நிமிஷம் நின்று, ஒன்றும் சொல்லாமல் இறங்கிப் போனாள். போயிட்டு வர்றேன் என்கிற ஒரு வார்த்தை. அதைச் சொன்னால் சாவு கூடவே வரும் என்று பெரியம்மா சம்பூர்ணம் சொல்லி வைத்திருந்தாள். துளசிமணிக்கு ஒவ்வொரு நாளும் அந்த ஒரு நிமிஷம் ஆறவே இல்லை.

அந்தப் பிரதீபாவுக்கு ஆவணியில் கல்யாணம். பெருந்துறைப் பக்கத்து மாப்பிள்ளை, தாயில்லாத பெண் என்று சொல்லிப் பேசியிருந்தார்கள். பெண்ணின் அப்பனும் அம்மாளும் சேர்ந்து செம்பைப் பிடித்துத் தாரை வார்த்துக் கொடுக்க வேண்டும். அம்மாள் இல்லாத இடத்தில் பெரியப்பனும் பெரியம்மாவும் வார்ப்பார்கள், சம்பூர்ணம் அதற்குப் பட்டுச்சேலைகூட எடுத்துவிட்டாள். இந்த நேரத்தில்தான் நாச்சிமுத்து வந்து ரெண்டாம் பாகம் என்றார். அன்றைக்கு அரிசியை உலையில் போட்ட துளசிமணி, போட்டோமா இல்லையா என்று இரண்டு தடவை மூடியைத் திறந்து பார்த்தாள். செத்தவர்களுக்குப் பதற்றம் வராது என்று அவள் நினைத்திருந்தாள்.

வேன் வந்தது, ஜெனரேட்டர் வந்தது, இந்தத் தடவை பதினாலு பேரில் ஒன்பது பேர்தான் வந்தார்கள். டைரக்டர் ஜோதிகுமாருக்கு முன்மண்டை வழுக்கையாகியிருந்தது. நடுவில் எடுத்த இரண்டு படங்களும் ஓடவில்லை, ரெண்டாம் பாகமும் ஓடாவிட்டால் ஊருக்குப் போய் மாமனாரின் சிமெண்ட் கடையில் உட்கார வேண்டியதுதான் என்று வெளிப்படையாகச் சொன்னார். துளசிமணியைப் பார்த்ததும் அவர் கண் கலங்கிவிட்டது.

"அக்கா, ஒரு முடிகூட நரைக்கலையே. ஏழு வருஷம் கழிச்சு அதே பொணம் அப்படியே கிடைக்கிறது எந்த டைரக்டருக்கு வாய்க்கும்?"

"படுக்கறனுங்க. ஆனா எந்திரிச்சதும் எனக்கு அந்தச் சிரிப்பை எடுத்துக் குடுத்துருங்க. எம் பொண்ணுக்கு நான் தாரை வார்க்கோணும்."

"சத்தியமா எடுத்துத் தர்றேன் அக்கா," என்று அவர் அவள் கையைத் தொட்டார். அவர் பொய் சொல்லவில்லை.

அவருக்கு வேறொரு கவலை இருந்தது. முதல் பாகத்தை நாவலின் முன்பாதியை வைத்து எடுத்தார், ரெண்டாம் பாகத்துக்குப் பின்பாதி இருந்தது, ஆனால் அவர் வைத்திருந்தது பழைய புத்தகக் கடையில் வாங்கிய பிரதி, அதில் கடைசித் தாள் கிழிந்து போயிருந்தது. முடிவைக் கேட்கலாம் என்று எழுத்தாளர் பவானி தேவநாதனையே வரவழைத்திருந்தார்கள். கூட்டுறவு சங்கத்தில் எழுத்தராக இருந்து ஓய்வு பெற்ற அந்த மனிதர், சட்டைப் பையில் இரண்டு பேனாவோடு வந்து, ஷூட்டிங்குக்குப் போட்ட பிளாஸ்டிக் நாற்காலியில் மூன்று நாள் உட்கார்ந்து யோசித்தார். மாதம் ஒன்று வீதம் இருநூறு நாவலுக்கு மேல் எழுதியவருக்கு எந்தப் பேய் எதில் எப்படி அடங்கியது என்பது நினைவில் இல்லை. அவரிடமும் பிரதி இல்லை.

துளசிமணி அவருக்கு டீ கொண்டுபோய்க் கொடுத்தாள். "ஏனுங்க சார், உங்க கதையில நான் யாருங்க?"

அவர் டீயைக் கையில் வைத்துக்கொண்டு சங்கடத்தோடு சொன்னார். "உங்களுக்குப் பேரு வைக்கலீங்கம்மா. 'அங்கே ஒரு பெண்ணின் பிணம் கிடந்தது'ன்னு ஒரு வரிதான். எதுக்குன்னே தெரியாம எழுதின வரி. மன்னிச்சுக்கங்க."

நாலாம் நாள் நல்ல வெயிலில் ஷாட் வைத்தார்கள். மழை வந்தாலும் ஓடுவதில்லை என்று ஒன்பது பேரிடமும் நாச்சிமுத்து சூடத்தின் மேல் கை வைக்கச் சொல்லி வாக்கு வாங்கியிருந்தார். பங்களாவுக்குச் சற்றுத் தள்ளி ஊரே கூடியிருந்தது. நெற்றியில் காசு, தாடையில் கட்டு, காலில் கட்டு, சாமந்தி மாலை, எல்லாம் முன்போலவே. பாடையைத் தூக்கினார்கள், இறக்கினார்கள், பேயோட்டி உடுக்கை அடித்தார், கதாநாயகன் அழுதான். கட் என்றார்கள். யாரும் ஓடவில்லை. உதவி டைரக்டர் குனிந்து, "முடிஞ்சுதுக்கா, கண்ணைத் திறந்து கேமராவைப் பார்த்துச் சிரிங்க" என்றார்.

அவள் கண்ணைத் திறந்தாள். சிரிக்க வரவில்லை. ஏழு வருஷமாக எதற்கும் சிரித்திராத வாய் எப்படிக் கோணுவது என்று தெரியாமல் அப்படியே நின்றது, கூட்டத்தில் யாரோ மூக்கை உறிஞ்சினார்கள். அப்போது கேமராவுக்குப் பின்னால் சென்னியப்பன் நிற்பதைப் பார்த்தாள். இந்த ஒரு ஷாட்டுக்காக அவன் லஸ்கர் உடுப்பைத் தேய்த்துப் போட்டு, தலையில் தண்ணீர் தடவிப் படிய வாரி, கல்யாணப் போட்டோவுக்கு நின்ற மாதிரியே கைகளை இரண்டு பக்கமும் விறைப்பாக வைத்துக்கொண்டு நின்றான். அவளுக்குச் சிரிப்பு வந்துவிட்டது.

டைரக்டர் சின்னத் திரையில் அந்தச் சிரிப்பைப் பார்த்துக்கொண்டிருந்தார். சட்டென்று அவர் திரைக்கு இன்னும் பக்கத்தில் குனிந்தார். "இன்னும் கொஞ்ச நேரம் அக்கா. அப்படியே. பல்லு தெரியாம. லைட்டைக் கொஞ்சம் கீழே இறக்குப்பா." சொன்னால் சொன்னபடி கேட்கிறவள், அப்படியே பல்லுத் தெரியாமல் சிரித்துக்கொண்டு கிடந்தாள். போதும் என்று அவர் சொன்ன நொடியில், ஏழு வருஷத்துக்கு முன் அடக்கிய மூச்சு அவளிடமிருந்து வெளியே வந்தது. பக்கத்தில் நின்றவர்களுக்குச் சாமந்தி வாசமும் மழை வாசமும் அடித்தது.

விட்டுப்போன வயசு மொத்தமும் ஒரே சமயத்தில் வந்து இறங்கியது. வீட்டுக்கு நடப்பதற்குள் முன்நெற்றி நரைத்தது, இடது முழங்கால் வலித்தது, கண்ணில் வெள்ளெழுத்து விழுந்தது, எல்லாவற்றுக்கும் மேலே பசி வந்தது. காலையில் அவளே ஆக்கி வைத்திருந்த அரிசி பருப்புச் சாதத்தைச் சட்டியோடு மடியில் வைத்துக்கொண்டு ஒரு வாய் அள்ளிப் போட்டாள். உப்புக் கரித்தது. சாதாரணக் கரிப்பு இல்லை, வாயில் வைக்க முடியாத கரிப்பு. கையளவு தெரியாமல் ஏழு வருஷமாக இப்படித்தான் போட்டிருக்கிறாள். ஏழு வருஷமும் அப்பனும் மகளும் ஒரு வார்த்தை சொல்லாமல் தின்று எழுந்திருக்கிறார்கள்.

"ஏனுங்க, சொல்லியிருக்கலாமில்லீங்க?"

"என்னத்தைச் சொல்றது," என்றான் சென்னியப்பன். "நல்லாத்தான் இருந்துது."

அவள் அழுதாள். ஏழு வருஷத்துக்கும் சேர்த்துக் கண்ணீர் வந்தது, அதுவும் உப்புக் கரித்தது, அழுதுகொண்டே சட்டிச் சாதத்தையும் தின்று முடித்தாள்.

சித்திரை போய் வைகாசி, ஆனி, ஆடி என்று நாலு மாசம் அவள் உயிரோடு இருந்தாள். பூசாரி கயிற்றை அவிழ்த்தார். ரேஷன் மிஷின் விரலை ஏற்றுப் பச்சை விளக்குக் காட்டியது, கடைக்காரர் எழுந்து நின்று சர்க்கரை போட்டார். கூடத்துப் படத்தை இறக்கித் துணியில் சுற்றி அட்டாலியில் போட்டார்கள். சம்பூர்ணம் தான் எடுத்த பட்டுச்சேலையைக் கொண்டு வந்து, "நீயே கட்டிக்க துளசி, எனக்குப் பச்சை ஆகாது" என்று கொடுத்துவிட்டாள். வருகிறவர்கள் எல்லாம் கிளம்பும்போது வேண்டுமென்றே சத்தமாக, "வர்றனுங்க அக்கா" என்று சொல்லிக்கொண்டு போனார்கள். பிரதீபாவோ குழாயடிக்குப் போனாலும் சொன்னாள், எருமைக்குத் தண்ணீர் காட்டப் போனாலும் சொன்னாள், கொடியில் துணி எடுக்கப் போகிறவள் வாசல்வரை போய்த் திரும்பி வந்து, "அம்மா, போயிட்டு வர்றேன்" என்று சொல்லிவிட்டுப் போனாள். "சரி கண்ணு, போயிட்டு வா" என்பாள் துளசிமணி. அவளுக்குக் காது குளிர்ந்தது.

திங்கட்கிழமை முகூர்த்தம், அதற்கு முந்தின வெள்ளிக்கிழமை 'பதினோராம் மதகு' ரெண்டாம் பாகம் வெளியானது. டவுன் தியேட்டரில் காலைக் காட்சிக்கு நாச்சிமுத்து வேன் பிடித்து ஊரையே ஏற்றிக்கொண்டு போனார். தாலிக்கொடி எடுக்கப் போக வேண்டியிருந்த சென்னியப்பனும் பிரதீபாவும்கூட, நம்ம பொழப்பைத் திருப்பிக் கொடுத்த படம் என்று வந்தார்கள். எழுத்தாளர் தேவநாதன் பவானியிலிருந்து தனியாக பஸ்ஸில் வந்து ஓரத்து நாற்காலியில் உட்கார்ந்திருந்தார். இடைவேளையில் பிரதீபா அம்மாவுக்கு முறுக்கு வாங்கிக் கொடுத்தாள். எள்ளும் ஓமமும் உப்பும் சரியாகச் சேர்ந்த முறுக்கு, துளசிமணி இரண்டைத் தின்றுவிட்டு மீதியை மடியில் வைத்துக்கொண்டாள்.

படம் முடிகிற மாதிரி இருந்தது. பேய் அடங்கியது, கதாநாயகன் கும்பிட்டான், எல்லோரும் நடந்து போனார்கள், பாடை மட்டும் தனியாகக் கிடந்தது. சனங்கள் எழுந்து செருப்பைத் தேடினார்கள். அப்போது கேமரா மெல்ல மெல்லப் பாடையை நெருங்கியது. திரை முழுக்க அவள் முகம். கண் திறந்தது. நேராகப் பார்த்து, பல்லுத் தெரியாமல், பிணம் சிரித்தது.

தியேட்டரே அலறியது. அலறி முடித்ததும் விசில் அடித்தது. படம் ஓடிவிடும் என்று அந்த விசிலிலேயே தெரிந்தது. டைரக்டருக்கு இல்லாமல் போன கடைசிப் பக்கம் கிடைத்துவிட்டது. வெட்டித் தூரப் போட வேண்டிய சிரிப்பை, எமனைத் தவிர யாரும் திரையில் பார்க்கக் கூடாத சிரிப்பை, அன்றைக்கு மட்டும் எத்தனை ஊரில் எத்தனை தியேட்டரில் பார்த்தார்கள். அது இப்போது கதைக்கு வெளியே நிற்கிற ஒருத்தியின் சிரிப்பு இல்லை, கதைக்குள் செத்துக் கிடக்கிற ஒருத்தியின் சிரிப்பு. விளக்கைப் போட்டார்கள். வெள்ளாங்கரட்டுக்காரர்கள் ஒருத்தர் முகத்தை ஒருத்தர் பார்க்காமல் நின்றார்கள்.

துளசிமணி மடியிலிருந்த முறுக்கில் ஒன்றை எடுத்துக் கடித்தாள். மென்றாள். இன்னொரு கடி கடித்தாள். அதில் எள் இல்லை, ஓமம் இல்லை, உப்பு இல்லை. மீதி முறுக்கைப் பொட்டலத்தில் வைத்து மடித்து, "நீ தின்னுக்க கண்ணு" என்று மகளிடம் கொடுத்தாள். பிரதீபா அம்மாவின் முகத்தைப் பார்த்தாள், அவளுக்குச் சொல்ல வேண்டியிருக்கவில்லை.

வெளியே வேனில் ஏறும்போது எழுத்தாளர் ஓடி வந்தார். மூச்சு வாங்கியது.

"அம்மா, இப்பத்தான் ஞாபகம் வந்துச்சு. கடைசிப் பக்கம். அந்தப் பொண்ணு எந்திரிச்சு ஊட்டுக்குப் போயி அடுப்பப் பத்த வைப்பாங்க. அவ்வளவுதான் முடிவு. பயமே இல்லைன்னு அப்ப எடிட்டர்கூட வைஞ்சாரு."

"நல்லாருக்குதுங்க சார்," என்றாள் துளசிமணி. "அதையே வெச்சிருக்கலாம்."

நாச்சிமுத்து வேனுக்குள்ளிருந்தே டைரக்டருக்குப் போன் போட்டு, ஒலிபெருக்கியில் வைத்து அவளிடம் நீட்டினார். மறுமுனையில் பட்டாசுச் சத்தம். "அக்கா, படம் பிச்சுக்கிட்டுப் போகுது. எல்லாம் உங்க சிரிப்புதான். நான் சிமெண்ட் கடைக்குப் போக வேண்டாம் அக்கா." அவர் அழுதார். அந்தச் சிரிப்பைத் திரும்ப ஒரு தடவை எடுத்துத் தர முடியுமா, திங்கட்கிழமைக்குள், என்று துளசிமணி கேட்டாள். பட்டாசுச் சத்தம் தூரமாகப் போனது. "அக்கா," என்றார் அவர், இந்தத் தடவை தாழ்ந்த குரலில், "கண்டிப்பா. மூணாம் பாகம் எடுக்கிறப்போ." அவர் பொய் சொல்லவில்லை. அவள் போனை நாச்சிமுத்துவிடம் கொடுத்துவிட்டு ஜன்னல் பக்கம் திரும்பிக்கொண்டாள்.

நர்சம்மா ஞாயிற்றுக்கிழமை வந்து நெஞ்சில் குழாயை வைத்துக் கேட்டார், குழாயைச் சுருட்டிப் பையில் வைத்தார், போயிட்டு வர்றேன் என்று சொல்லாமல் போனார். பூசாரி கயிற்றோடு வந்தபோது அவிழ்த்த முளைக்குச்சி அங்கேயே இருந்தது. அட்டாலியிலிருந்து படத்தைத் துளசிமணியே இறக்கி, துடைத்து, சந்தனப் பொட்டு வைத்து, பழைய ஆணியில் மாட்டினாள். பச்சைப் பட்டைச் சம்பூர்ணத்திடம் திருப்பிக் கொடுத்தாள். சம்பூர்ணம் வாங்கிக்கொண்டு, வாசலுக்குப் போய் யாரும் பார்க்காமல் அழுதுவிட்டு, கல்யாண வேலையைப் பார்க்கப் போனாள்.

மண்டபத்தில் கல்யாணம் குறையில்லாமல் நடந்தது என்று சொன்னார்கள். பெரியப்பனும் பெரியம்மாவும் செம்பைப் பிடித்துத் தாரை வார்த்தார்கள். சென்னியப்பன் ஒரு தூணோரமாக நின்று பார்த்தான், அவனை யாரும் மேடைக்கு வரச் சொல்லவில்லை, தனியாள் தாரை வார்க்கக் கூடாது. மேளச்சத்தம் வாய்க்காலைத் தாண்டி வீடுவரைக்கும் கேட்டது. துளசிமணி அடுப்படியில் உட்கார்ந்து, இப்போது தாலி ஏறுகிறது, இப்போது தண்ணீர் விழுகிறது என்று மேளத்தை வைத்தே தெரிந்துகொண்டாள். அழுகை வரும் என்று பார்த்தாள். வரவில்லை.

மாப்பிள்ளை வீட்டுக்குப் போகும் வழியில் கார் வீட்டு வாசலில் நின்றது. பெண்ணும் மாப்பிள்ளையும் கூடத்தில் விழுந்து படத்தைக் கும்பிட்டார்கள். எழுந்ததும் பிரதீபா யாரையும் பார்க்காமல் நேரே அடுப்படிக்கு வந்தாள். கழுத்தில் புது மஞ்சள், கன்னத்தில் கலைந்த பொட்டு, தலை கொள்ளாத மல்லிகை. துளசிமணி அவள் கையைப் பிடித்தாள், சூடு தெரியவில்லை.

"உப்பு மட்டும் பார்த்துப் போட்டுக்கங்கம்மா," என்றாள் பிரதீபா. "அப்பன் சொல்லமாட்டாங்க."

"ஒண்ணரைக் கரண்டி. இப்பத் தெரியும் கண்ணு."

வாசலில் கார்க்காரர் ஒலி எழுப்பினார். பிரதீபா நிலைப்படிவரை போனாள். போய், பையை மாட்டிக்கொண்டு நின்ற அந்தப் பழைய இடத்தில், திரும்பி அம்மாவைப் பார்த்து வாயைத் திறந்தாள். வெளியே மாப்பிள்ளை நின்றான், மாமியாரும் நாத்தனாரும் நின்றார்கள், புது வாழ்வு மொத்தமும் நின்றது.

"கண்ணு, சொல்லாம வா," என்றாள் சம்பூர்ணம் மெதுவாக.

பிரதீபா வாயை மூடிக்கொண்டாள். ஒரு நிமிஷம் நின்றாள், ஏழு வருஷமாக நின்ற அதே ஒரு நிமிஷம், பிறகு படியிறங்கிப் போனாள். கதவு சாத்துகிற சத்தம் கேட்டது, கார் கிளம்பியது, கயிற்றைத் தாண்டி, கோயிலைத் தாண்டி, வாய்க்கால் ரோட்டில் ஏறியது.

"சரி கண்ணு," என்றாள் துளசிமணி. "போயிட்டு வா."

கார் அப்போது பதினோராம் மதகைத் தாண்டிப் போயிருந்தது.